மூலை ரூம் பாப்பாவுக்கு ஒரு ஜோடி செருப்பு

கட்டில்ல குதிக்காத தேனு. இங்க வா, அத்தை பக்கத்துல படு. போர்வையைக் காலுக்குக் கீழ சொருகிக்கோ. காலையில ஏழு மணிக்கு எனக்கு ஓசூர் பஸ், ஆறரைக்கெல்லாம் கிளம்பணும். ஆனா பாரு, என் செருப்பைக் காணோம். கட்டிலுக்கு அடியில தேடியாச்சு, மாடிப்படியில தேடியாச்சு. அதுக்கே கால் முளைச்சு எங்கயாவது நடந்து போயிருக்கும் போல. நீ பாத்தியா?

"இல்லியே."

சரி, நீ பாக்கல. நம்பிட்டேன். ஆனா கண்ணை எதுக்கு இப்படி இறுக்கி மூடிக்கற? தூக்கம் வந்துடுச்சா?

"கதை சொல்லு அத்தே."

அதானே பாத்தேன். சரி கேளு. உங்க அண்ணன் மேசையில ஒரு ஜப்பான் படக்கதை புக்கு கிடந்துச்சு. மத்தியானம் நீங்க எல்லாம் ஸ்கூலுக்குப் போனதும் எடுத்தேன். நம்ம புக்கு மாதிரி நெனச்சுப் பிரிச்சேன். சாயங்காலம் உங்க அண்ணன் வந்து தலையில அடிச்சுக்கறான், "ஐயோ அத்தே, அது கடைசிப் பக்கம், அவங்க புக்கு அந்தப் பக்கத்துல இருந்துதான் ஆரம்பிக்கும்"னு. போச்சா! முடிவை முதல்ல பாத்துட்டேன். முடிவுல என்ன இருந்துச்சு தெரியுமா? ஒரு வாசல். வாசல்ல ஒரு ஜோடி குட்டிச் செருப்பு, வைக்கோல்ல பின்னுனது. அவ்வளவுதான். ஆள் இல்ல, பேச்சு இல்ல. இதுக்கா ஒரு புக்குன்னு தூக்கிப் போட்டுட்டேன். அப்புறம் அவன் சொன்ன பக்கத்துல இருந்து படிச்சேன். இங்கிலீஷ்ல இருந்துச்சு, பாதி புரிஞ்சுது, பாதி நானா வெச்சுக்கிட்டேன். படிச்சு முடிக்கறதுக்குள்ள அழுது மூக்கெல்லாம் சிவந்து போச்சு. உங்க அம்மா கேட்டா, வெங்காயம் உரிச்சேன்னு சொல்லிட்டேன்.

ஒரு ஊர்ல ஒரு வீடு. அந்த வீட்டுக்கு எல்லாரும் வருவாங்க, எல்லாரும் போவாங்க, ஒருத்தி மட்டும் போகவே மாட்டா. ம் சொல்லு.

"ம்."

ஊருன்னா பெரிய ஊர் இல்ல, மலை. மலை பூரா பனி. அந்த மலையில ஒரு பழைய மர வீடு, வழியில போறவங்க வந்து தங்குற விடுதி. கதவெல்லாம் காகிதத்துல. தள்ளுனா சர்ர்ர்ர்னு நகரும். தரை பூரா பாய். வீட்டுக்குப் பின்னாடி பாறைக்கு நடுவுல ஒரு குளம், அதுல பூமிக்கு அடியில இருந்து சுடுதண்ணி வரும், குபு குபு குபு குபுன்னு. அடுப்பு இல்ல, கேஸ் இல்ல. எங்க வீட்டு ஹீட்டர் மாதிரி திடீர்னு மண்டையைப் போடாது. சுத்தியும் பனி கொட்டுது, இவங்க கழுத்து வரைக்கும் சுடுதண்ணில உக்காந்து கண்ணை மூடிட்டு இருப்பாங்க. என் முட்டி வலிக்கு இப்பவே போய் அதுல விழணும் போல இருந்துச்சு.

அந்த விடுதியை நடத்துறவ பேரு சயோ. புருஷன் போய்ச் சேந்துட்டாரு, குழந்தை இல்ல, விடுதிதான் அவளுக்கு எல்லாம். சமையலுக்கு கென்ஸோன்னு ஒருத்தர். நல்லா சமைப்பாரு, ஆனா வாயைத் திறந்தா முணுமுணுப்புதான். ஊருல எங்க சமையல்காரங்களைப் பாத்தாலும் அப்படித்தான், என்னையும் சேத்து.

இப்போ கேளு, இதுதான் முக்கியம். யார் வந்தாலும் வாசல்ல செருப்பைக் கழட்டிட்டு ஏறணும். கழட்டுனா எப்படிக் கிடக்கும்? வீட்டுக்குள்ள பாத்துக் கிடக்கும் இல்லையா? அவங்க உள்ள போனதும் சயோ வந்து குனிஞ்சு, ஒவ்வொரு செருப்பா எடுத்து, தொடச்சு, திருப்பி வாசலைப் பாத்து வெப்பா. கிளம்புறவங்க அப்படியே காலை நுழைச்சுட்டு நடக்கலாம்.

"வந்தவுடனே போ போன்னு சொல்றாளா?"

நானும் அப்படித்தான்டி நெனச்சேன்! வந்த விருந்தாளிக்கு இதென்ன மரியாதைன்னு. அப்புறம்தான் புரிஞ்சுது. நீ எப்ப வேணா போகலாம், உன்னை நாங்க கட்டிப் போடலைன்னு அர்த்தம் அதுக்கு. வேடிக்கை என்னன்னா, அப்படித் திருப்பி வெச்ச வீட்டை விட்டு யாருக்கும் போக மனசே வராது. ஒரு நாள் தங்க வந்தவங்க நாலு நாள் இருந்துட்டுப் போவாங்க.

"ம்."

அப்புறம், அந்த வீட்டுல ஒரு மூலை ரூம் இருந்துச்சு. அங்கதான் அவ இருந்தா. சின்னப் பொண்ணு, உன் உசரம்தான். சிவப்புச் சட்டை, நெத்தியில நேரா வெட்டி விட்ட முடி. ஆனா அவ நம்மள மாதிரி இல்ல. ஒரு தடவை தெரிவா, ஒரு தடவை தெரிய மாட்டா. தப் தப் தப்னு ஓடுற சத்தம் கேக்கும், கதவைத் திறந்தா யாரும் இருக்க மாட்டாங்க. தட்டுல வெச்ச இனிப்பு உருண்டை அஞ்சு இருந்தா, திரும்பிப் பாக்கும்போது நாலுதான் இருக்கும். பயப்படாதடி, அவ நல்லவ. எறநூறு வருஷமா அங்கயே இருக்கா, வயசே ஏறல. எல்லாரும் அவளை மூலை ரூம் பாப்பான்னு கூப்பிடுவாங்க. அந்தப் பாப்பா இருக்கற வரைக்கும்தான் சுடுதண்ணி வரும்னு அந்த மலையில எல்லாருக்கும் தெரியும். அவ போயிட்டா தண்ணி நின்னுடும். தண்ணி நின்னா விடுதி அவ்வளவுதான்.

அதனால வர்றவங்க எல்லாம் அவளுக்கு ஏதாவது கொண்டு வருவாங்க. பந்து, பொம்மை, மத்தளம், காத்தாடி. ரூம் பூரா பொம்மை. கால் வெக்க இடம் இல்ல, உன் அலமாரி மாதிரி. சயோவும் தினமும் பொழுது சாயுற நேரத்துல இனிப்பு உருண்டை கொண்டு போய் வெப்பா. "பாப்பா, சாப்பிடு"ம்பா. அந்தப் பக்கம் இருந்து ஒரு சின்னச் சிரிப்பு வரும், கிக்கின்னு. அந்தச் சிரிப்பைக் கேட்டாதான் சயோவுக்கு அன்னைக்குப் பொழுது முடிஞ்ச மாதிரி இருக்கும். அவ்வளவு ஆசை அவ மேல.

அப்புறம் ஒரு நாள். பொழுது சாயுற நேரம். புதுசா ஒரு குடும்பம் வந்திருந்துச்சு, கூட ஒரு சின்னப் பையன். சயோ வழக்கம் போல செருப்பு திருப்ப வாசலுக்கு வந்தா. அங்க பாத்தா, அந்தப் பையனோட பூட்ஸைப் போட்டுக்கிட்டு பாப்பா நிக்கறா! லொடக் லொடக்னு நடந்து, வாசப்படி வரைக்கும் போனா. படியில பூட்ஸ் நின்னுடுச்சு. ஆணி அடிச்ச மாதிரி, நகரல. அது வேற வீட்டுப் பிள்ளையோடது, அவ பேச்சைக் கேக்குமா? அப்போ அவ பூட்ஸைக் கழட்டிட்டு வெறும் கால்ல தாண்டிப் பாத்தா. புஸ்ஸ்ஸ்... அப்படியே புகையாக் கலைஞ்சுட்டா. சயோ மூலை ரூமுக்கு ஓடிப் போய்க் கதவைத் தள்ளுனா, சர்ர்ர்ர். பொம்மைக்கு நடுவுல பாப்பா உக்காந்திருக்கா.

"எங்கடா போகணும் உனக்கு?"

"மலைக்குக் கீழ ஓடுற ஆத்துக்கு அந்தப் பக்கம்."

"அங்க என்ன இருக்கு?"

"தெரியாது. வர்றவங்க எல்லாரும் சொல்றாங்க, கடல் இருக்காம். நான் பாக்கணும்."

"வெறும் கால்ல போக முடியாதா?"

பாப்பா தலையை ஆட்டுனா. "எனக்கு யாரும் செருப்பு தரல."

சயோ திரும்பிப் பாத்தா. எறநூறு பொம்மை இருக்கு. பந்து இருக்கு, மத்தளம் இருக்கு. ஒரு ஜோடி செருப்பு இல்ல. ஏன் இல்ல சொல்லு? பொம்மை கொடுத்தா இருப்பா, செருப்பு கொடுத்தா போயிடுவா. எல்லாருக்கும் அது தெரியும். சயோவுக்கும் தெரியும். வந்தவங்க அத்தனை பேர் செருப்பையும் திருப்பி வெச்சவ, இந்த ஒருத்திக்கு மட்டும் செருப்பே வெக்கல. அன்னைக்குத்தான் அவளுக்கு அது உறைச்சுது. வெக்கமாப் போச்சு.

"ம்..."

ம்க்கு சத்தம் குறையுதே. தூங்கிட்டியா?

"இல்ல. அப்புறம்?"

அப்புறம் சயோ வைக்கோல் எடுத்து செருப்பு பின்ன உக்காந்தா. கென்ஸோ பாத்துட்டாரு. "யாருக்கு?"ன்னாரு. "பாப்பாவுக்கு"ன்னா. அவரு கையில இருந்த கரண்டி டங்னு கீழ விழுந்துச்சு. "பைத்தியமா உனக்கு? தண்ணி நின்னா நீயும் நானும் எங்க போறது?"ன்னாரு. சயோ குனிஞ்சு பின்னிக்கிட்டே இருந்தா. அவளுக்கே அந்தப் பயம் இருந்துச்சு.

அதனால என்ன பண்ணுனா தெரியுமா? முதல் செருப்பை வேணும்னே பெருசாப் பின்னுனா. திருட்டுப் பய வேலை! கொண்டு போய் வாசல்ல வெச்சா. பாப்பா ஓடி வந்து காலை விட்டா. தொளதொளன்னு இருக்கு. நாலு அடி வெச்சா, தொபுக்னு விழுந்தா. எழுந்தா. செருப்பை ரெண்டையும் கழட்டி, ஒழுங்காச் சேத்து வெச்சுட்டு, ஒண்ணும் சொல்லாம ரூமுக்குப் போயிட்டா.

ரெண்டாவது நாள் சயோ இன்னொண்ணு பின்னுனா. அளவு சரிதான். ஆனா வார் இருக்கே, அதை மட்டும் மக்கிப் போன வைக்கோல்ல பின்னுனா. பாப்பா போட்டுக்கிட்டா. சரக் சரக் சரக்னு வாசப்படிக்கிட்டப் போனா. பட்! வார் அறுந்து போச்சு. பாப்பா குனிஞ்சு பாத்தா, நிமிர்ந்து சயோவைப் பாத்தா. அழல, கோவிச்சுக்கல, அறுந்த வாரை உள்ளங்கையில எடுத்து வெச்சுக்கிட்டு, மறுபடியும் தப் தப் தப்னு ரூமுக்கே போயிட்டா. சாயங்காலம் சயோ இனிப்பு உருண்டை வெச்சா. அன்னைக்குச் சிரிப்புச் சத்தம் வரல.

அவ நாலு அடி அடிச்சிருந்தாக்கூட சயோ தாங்கிட்டிருப்பா. அப்படிச் சும்மா போனதுதான் தாங்கல. எனக்கும் அந்தப் பக்கத்துலதான் மூக்கு ஒழுக ஆரம்பிச்சுது.

மூணாவது நாள் சயோ மூலை ரூமுக்கே போய் உக்காந்தா. "காலை நீட்டு பாப்பா"ன்னா. பாப்பா நீட்டுனா. சயோ கை விரிச்சு அளந்தா. சில்லுன்னு இருந்துச்சு அந்தக் காலு, ஒரு சாண்கூட இல்ல. அங்கயே உக்காந்து பின்னுனா. நல்ல வைக்கோலா ஒவ்வொண்ணாப் பொறுக்கி, தண்ணி தெளிச்சு, இறுக்கி இறுக்கிப் பின்னுனா. வாருக்கு என்ன பண்ணுனா தெரியுமா? தன் கல்யாணத்துக்குக் கட்டுன பட்டு இடுப்புத் துணி இருந்துச்சு, சிவப்பு. அதைக் கிழிச்சா. டர்ர்ர். அதை முறுக்கி வாராப் போட்டா. இனி அறுந்தே போகாது.

அப்புறம் வாசல்ல கொண்டு போய், செருப்பு கழட்டுற கல்லு மேல வெச்சா. எப்படி வெச்சா?

"வாசலைப் பாத்து."

என் தங்கம். வாசலைப் பாத்து வெச்சா. பாப்பா வந்து காலை நுழைச்சா. கச்சிதம். சரக் சரக் சரக். வாசப்படிக்கு வந்தா. ஒரு காலைத் தூக்கி அந்தப் பக்கம் வெச்சா. கலையல! இன்னொரு காலையும் வெச்சா. கலையல! வெளிய பனிமூட்டம். அவ ஒரு தடவை திரும்பிப் பாத்துக் கையை ஆட்டுனா.

தேனு, அந்த ஊர்லயும் நம்மள மாதிரிதான்டி. வீட்டை விட்டுக் கிளம்பும்போது போறேன்னு சொல்ல மாட்டாங்க, போயிட்டு வரேன்னுதான் சொல்லுவாங்க. சயோ அதுக்காகக் காதைத் தீட்டிக்கிட்டு நின்னா. ஆனா பாப்பாவுக்கு அது தெரியாதே. எறநூறு வருஷத்துல ஒரு நாள்கூட அவ எங்கயும் கிளம்புனதில்லையே. ஒண்ணும் சொல்லாமயே போயிட்டா. சரக் சரக்... சரக்... சத்தம் தேஞ்சு தேஞ்சு நின்னு போச்சு.

பின்னாடி குளத்துல குபு குபு குபு... குபு... கு... அதுவும் நின்னு போச்சு.

"ஐயோ."

ஐயோதான். மறுநாளே தங்கியிருந்தவங்க மூட்டையைக் கட்டிட்டாங்க. அப்புறம் ஒருத்தரும் வரல. கென்ஸோ ஒரு வாரம் சயோகூடப் பேசல. "நான் கிளம்பறேன்"னு தினமும் சொன்னாரு, ஆனா போகல. கேட்டா, "என் ஊறுகாய் ஜாடி பதினோரு ஜாடி இருக்கு, அதை யாரு மலை இறக்குறது?"ன்னாரு. ஊறுகாய்க்காக இருந்தாராம். நம்பு. நீ என் செருப்பைப் பாக்கலைன்னு நான் நம்பலையா, அந்த மாதிரி.

சயோ மட்டும் ஒரு வேலையை விடல. தினமும் வாசலைப் பெருக்கி, செருப்பு கழட்டுற கல்லைத் தொடச்சு வெப்பா. பனி உருகிச்சு. மரமெல்லாம் பூத்துச்சு. மழை வந்துச்சு, சோன்னு ஒரு மாசம். அப்புறம் இலையெல்லாம் சிவந்து உதிர்ந்துச்சு. கல்லு காலியாவே கிடந்துச்சு. ஒரு ஒரு நாள் அவ அந்தக் கல்லுக்கிட்ட உக்காந்து, "தப்புப் பண்ணிட்டேனோ"ன்னு கேட்டுக்குவா. இன்னொரு நாள், "இல்ல, கடலைப் பாத்திருப்பா"ன்னு தானே சொல்லிக்குவா.

"அவ வரவே இல்லியா?"

இரு. மறுபடியும் பனி விழ ஆரம்பிச்சுது. ஒரு நாள் மத்தியானம், சயோ உள்ள பாய் தட்டிக்கிட்டிருக்கா. டப் டப் டப். அப்போ வாசல்ல ஒரு சத்தம். சரக். கை நின்னுச்சு. மறுபடியும், சரக் சரக். யாரோ விருந்தாளின்னு நெனச்சா. விருந்தாளி வந்தா என்ன கேப்பாங்க? "யாராவது இருக்கீங்களா?"ன்னு வாசல்ல நின்னு கேப்பாங்க. அப்படி யாரும் கேக்கல.

ஒரு சின்னக் குரல், "வந்துட்டேன்"னு சொல்லிச்சு.

அப்படி யாரு சொல்லுவா? உங்க அப்பா சாயங்காலம் கதவைத் திறந்ததும் என்ன சொல்றாரு? வந்துட்டேங்கறாரு. விருந்தாளி சொல்ல மாட்டாங்கடி. அந்த வீட்டு ஆளுங்கதான் சொல்லுவாங்க.

சயோ ஓடி வந்தா. தப் தப் தப்னு மூலை ரூம் பக்கம் சத்தம் போயிடுச்சு. வாசல்ல ஆள் இல்ல. கல்லு மேல குட்டிச் செருப்பு, சிவப்பு வார். பின்னல் எல்லாம் தேஞ்சு, ஓரத்துல மணல் ஒட்டியிருக்கு. வெள்ளை மணல், கடல் மணல். நான் முதல்ல பாத்தேனே கடைசிப் படம், அதுதான் இது. அப்போ எனக்குத் தெரியல, இப்போ தெரிஞ்சுது. அந்தச் செருப்பு எந்தப் பக்கம் பாத்துக் கிடந்துச்சு தெரியுமா? வீட்டுக்குள்ள பாத்து.

பின்னாடி குளத்துல... கு. குபு. குபு குபு குபு! கென்ஸோ பாதித் தாடி சிரைச்ச மூஞ்சியோட சோப்பு நுரை ஒழுக ஓடி வந்து, "தண்ணி! தண்ணி!"ன்னு கத்துறாரு. சயோ திரும்பக்கூட இல்ல. அந்தச் செருப்பு முன்னாடியே உக்காந்துட்டா.

அப்புறம் அதைக் கையில எடுத்தா. அவளுக்கு ஒரு நிமிஷம் என்ன தோணுச்சு தெரியுமா? எடுத்து ஒளிச்சு வெச்சுடலாமான்னு தோணுச்சு. சத்தியமா. ஆசை வெச்சவங்க யாருக்கும் அப்படித்தான் தோணும், அதுல தப்பே இல்ல.

போர்வைக்குள்ள எதுக்குத் தலையை இழுத்துக்கற? சரி, கேளு.

ஆனா ஒளிச்சு வெக்கல. மணலைத் தட்டுனா, தொடச்சா. திருப்பி, வாசலைப் பாத்து வெச்சா. அப்போ மூலை ரூம்ல இருந்து சிரிப்பு வந்துச்சு, கிக்கின்னு.

அதுக்கப்புறம் பாப்பா நெறைய தடவை போனா, நெறைய தடவை வந்தா. போகும்போது போயிட்டு வரேன்னு சொல்லக் கத்துக்கிட்டா. தண்ணி மட்டும் அப்புறம் நிக்கவே இல்ல. அவ இருந்தாலும் ஓடும், இல்லாட்டியும் ஓடும். திரும்பி வருவான்னு அதுக்கும் தெரிஞ்சு போச்சு.

கதையைப் படுக்க வெச்சாச்சு. இனி நீயும் படு.

தேனு? தூங்கிட்டியா?

"அத்தே."

ம்.

"செருப்பு வாஷிங் மெஷினுக்குள்ள இருக்கு."

அடிப் பாவி. நல்லவேளை, உங்க அம்மா துணியைப் போட்டு ஓட விடல. சரி, விடு, காலையில நான் எடுத்துக்கறேன்.

"நீ எடுக்காத. நான் எடுத்து வெக்கறேன்."

ஆறரை மணிக்கு நீ எங்க எந்திரிக்கப் போற?

"எந்திரிப்பேன். வாசலைப் பாத்து வெக்கறேன். நீ சித்திரை லீவுக்கு வரும்போது..."

வரும்போது?

"...உள்ள பாத்துக் கழட்டணும்..."

கழட்டுறேன்டி. மணி அடிக்காம வந்து, வந்துட்டேன்னு கத்துறேன், தெருவுக்கே கேக்கற மாதிரி. கண்ணை மூடு. எனக்கா? எனக்கு ஒண்ணும் இல்ல, வெங்காய வாசனை இன்னும் போகல. நீ தூங்கு, தூங்கு.